எல்லாப் பிள்ளைகளுக்கும் இடமுள்ள வகுப்பறை: வகுப்பாசிரியருக்கு ஒரு செய்முறைக் கையேடு

பணியில் சேர்ந்த முதல் ஆண்டில், ஏழாம் வகுப்புக்குள் நுழைந்து, "ஸ்காலர்ஷிப் படிவம் வந்திருக்கு, எஸ்.சி. பிள்ளைங்க எல்லாரும் எந்திரிங்க" என்றேன். கையில் பத்துப் படிவங்கள் இருந்தன; எழுந்தவர்கள் ஒன்பது பேர். பத்தாவது பையன் நோட்டின் கடைசிப் பக்கத்தில் எதையோ கிறுக்கியபடி தலையைக் குனிந்துகொண்டு உட்கார்ந்திருந்தான். மாலையில் தனியாகக் கேட்டபோது, "எனக்கு வேணாம் சார்" என்று மட்டும் சொன்னான். அந்தப் பணம் அந்த வீட்டுக்கு எவ்வளவு தேவை என்பது எனக்குத் தெரியும். அதை வாங்குவதற்கு நாற்பது பேர் பார்க்க அவன் எழுந்து நிற்க வேண்டும் என்ற நிபந்தனையை நானாக விதித்துவிட்டேன் என்பது வெகுநாள் கழித்தே எனக்கு உறைத்தது.

இந்தக் கையேடு தமிழ்நாட்டின் அரசு மற்றும் அரசு உதவி பெறும் பள்ளிகளில் வகுப்பாசிரியராக இருப்பவர்களை மனத்தில் வைத்து எழுதப்படுகிறது. சாதி, மதம், மாற்றுத்திறன், தாய்மொழி, பாலினம், வறுமை என்று வேறுபாடுகளை வரிசைப்படுத்தி, ஒவ்வொன்றுக்கும் ஒரு தினம் குறித்து, உறுதிமொழி வாசித்துப் படம் எடுத்து அனுப்புவது எப்படி என்பது இதில் இல்லை. அதை எல்லாரும் நன்றாகவே செய்துவருகிறோம். பிள்ளையை ஒதுக்குவதும் சேர்ப்பதும் வருகைப்பதிவு, இருக்கை, கேள்வி, தண்ணீர்க் குடம், தட்டு, துடைப்பம் ஆகிய அன்றாடக் காரியங்களில்தான் நடக்கின்றன. எதைப் பலர் முன்னிலையில் கேட்கிறோம், எதைத் தனியே கேட்கிறோம் என்ற ஒன்றை மட்டும் ஒழுங்குபடுத்தத் தொடங்கினாலே வகுப்பின் முகம் மாறுவதைப் பார்க்கலாம்.

பள்ளி திறக்கும் முன்

முதலில் வருகைப்பதிவேட்டை எடுத்துக்கொள்ளுங்கள். பெயருக்குப் பக்கத்தில் பி.சி., எம்.பி.சி., எஸ்.சி. என்ற சுருக்கங்களைப் பென்சிலால் குறித்து வைக்கும் வழக்கம் சில பள்ளிகளில் இன்னும் உண்டு. புள்ளிவிவரம் கேட்டால் உடனே கொடுக்கலாம் என்பது அதற்குச் சொல்லப்படும் காரணம். ஆனால் அந்தப் பதிவேட்டை அலுவலக அறையிலிருந்து எடுத்துவருவது வகுப்புத் தலைவன். வழியில் அவன் அதைப் புரட்டாமல் இருக்கப்போவதில்லை. இன விவரம் சேர்க்கைப் பதிவேட்டிலும் பள்ளிக் கல்வித் துறையின் இணையப் பதிவான எமிஸ் தளத்திலும் ஏற்கெனவே இருக்கிறது. மூன்றாவது இடத்தில் அதற்கு வேலை இல்லை.

2023 ஆகஸ்டில் திருநெல்வேலி மாவட்டம் நாங்குநேரியில் சாதிப் பகையால் ஒரு மாணவரும் அவருடைய தங்கையும் வீட்டுக்குள் வைத்து வெட்டப்பட்டார்கள். வெட்டியதாகக் கைதானவர்களில் அவருடன் படித்தவர்களும் இருந்தார்கள். அதன்பின் அரசு அமைத்த, ஓய்வுபெற்ற நீதிபதி கே. சந்துரு தலைமையிலான ஒருநபர் குழு, 2024 ஜூனில் தன் அறிக்கையை முதலமைச்சரிடம் அளித்தது. வருகைப்பதிவேட்டில் சாதி பற்றிய எந்தக் குறிப்பும் இருக்கக்கூடாது, ஆசிரியர் எந்த மாணவரையும் நேராகவோ சுற்றிவளைத்தோ சாதியைச் சுட்டி அழைக்கக்கூடாது, உதவித்தொகை பற்றிய செய்தியை உரிய மாணவரைத் தனியே அழைத்துச் சொல்ல வேண்டும் என்பவை அதன் பரிந்துரைகளில் சில. அறிக்கையின் மற்ற பகுதிகளைப் பற்றி அரசியல் மேடைகளில் காரசாரமாக வாதிட்டார்கள். இந்த மூன்றையும் நிறைவேற்ற ஒரு வகுப்பாசிரியருக்கு எந்த ஆணையும் தேவையில்லை.

அடுத்து, கட்டடம். உங்கள் வகுப்புக்கு சக்கர நாற்காலியிலோ கால்தாங்கியோடோ வரும் பிள்ளை இருந்து, வகுப்பு மாடியில் இருந்தால், லிஃப்ட் கேட்டு மனு எழுதுவதற்கு முன்னால் வகுப்பையே தரைத்தளத்துக்கு மாற்றச் சொல்லி தலைமையாசிரியரைக் கேளுங்கள். அதற்குச் செலவில்லை. சாய்தளம் இருக்கிறது என்று எமிஸில் 'ஆம்' போடுவதற்கு முன் ஒரு டேப்பை எடுத்து அளந்து பாருங்கள்: ஓரடி உயரம் ஏறுவதற்குப் பன்னிரண்டு அடி நீளம் வேண்டும் என்பது கணக்கு. நம் பள்ளிகளில் பல இடங்களில் ஒன்றரை அடி உயரத்துக்கு ஐந்தடி நீளத்தில் ஒரு சறுக்குமரத்தைக் கட்டி வைத்திருக்கிறார்கள்; அதில் பிள்ளை தானாக ஏற முடியாது, பிடித்து இறக்காவிட்டால் விழும். கழிப்பறைக் கதவின் அகலத்தையும் அப்போதே அளந்துவிடலாம்.

மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம், 2016, இருபத்தொரு வகைக் குறைபாடுகளைப் பட்டியலிடுகிறது. அதற்கு முந்தைய 1995ஆம் ஆண்டுச் சட்டத்தில் ஏழுதான் இருந்தன. புதிதாகச் சேர்ந்தவற்றில் கற்றல் குறைபாடும் ஆட்டிசமும் உண்டு. "படிக்கவே மாட்டான், சேட்டை மட்டும் செய்வான்" என்று போன ஆண்டு ஆசிரியர் உங்களிடம் சொல்லி அனுப்பிய பையன் இந்தப் பட்டியலில் எங்காவது இருக்கக்கூடும். வட்டார வள மையத்தில் இருக்கும் சிறப்புப் பயிற்றுநரின் தொலைபேசி எண்ணை ஜூன் முதல் வாரத்திலேயே வாங்கி வைத்துக்கொள்ளுங்கள். அவர் ஒருவரே பல பள்ளிகளைப் பார்ப்பதால் முன்கூட்டிக் கேட்பவர்களுக்கே அவருடைய நாள் கிடைக்கும்.

முதல் நாள்

முதல் நாளில் ஒவ்வொருவராக எழுந்து "பெயர், ஊர், அப்பா என்ன வேலை" என்று சொல்லச் சொல்வது நம்முடைய பழக்கம். இதில் இரண்டாவது, மூன்றாவது கேள்விகளை விட்டுவிடுங்கள். கிராமத்துப் பள்ளியில் எந்தத் தெரு என்று கேட்பது சாதி என்ன என்று கேட்பதுதான். இது கேட்பவருக்கும் தெரியும், சொல்லும் பிள்ளைக்கும் தெரியும். 'காலனி' என்ற சொல்லை அரசு ஆவணங்களிலிருந்தும் பொதுப் புழக்கத்திலிருந்தும் நீக்க நடவடிக்கை எடுக்கப்படும் என்று முதலமைச்சர் 2025 ஏப்ரலில் சட்டமன்றத்தில் அறிவித்தார். ஆசிரியர் ஓய்வறையில் "காலனிப் பிள்ளைங்க" என்று பேசுவதை அறிவிப்பால் நிறுத்த முடியாது. பக்கத்து நாற்காலியில் இருப்பவர் பேச்சை மாற்றினால் நிறுத்தலாம். அப்பா வேலையைக் கேட்டால், அப்பா இறந்த பிள்ளையும், அப்பா விட்டுவிட்டுப் போன பிள்ளையும், அப்பா சாக்கடை அள்ளுகிற பிள்ளையும் முதல் நாளிலேயே ஒரு பொய்யைத் தயாரிக்க வேண்டியிருக்கும். பெயரோடு "உனக்கு நன்றாக வருகிற ஒரு வேலை என்ன" என்று கேட்டுப் பாருங்கள். ஆடு பிடிக்கத் தெரியும், சைக்கிள் பஞ்சர் ஒட்டத் தெரியும், தங்கச்சிக்குத் தலை பின்னத் தெரியும் என்று வரும் பதில்கள் அந்த ஆண்டு முழுவதும் கணக்குப் பாடத்துக்கும் கட்டுரைக்கும் உதவும்.

பெயரை, அந்த வீட்டில் எப்படிச் சொல்கிறார்களோ அப்படிச் சொல்லக் கற்றுக்கொள்ளுங்கள். வாயில் நுழையவில்லை என்பதற்காக பிகாரிலிருந்து வந்த பிள்ளையை வசதியான ஒரு பெயருக்கு மாற்றி, அதுவே நிலைத்துவிட்ட வகுப்புகளைப் பார்த்திருக்கிறேன். நிறத்தையும் உடலையும் வைத்துப் பட்டப்பெயர் சூட்டுவதில் பிள்ளைகளைவிட ஆசிரியர்கள் கெட்டிக்காரர்கள் என்பதை நாம் ஒப்புக்கொண்டே ஆக வேண்டும். வகுப்பு சிரித்தால் அந்தப் பெயர் பத்தாம் வகுப்பு வரை அந்தப் பிள்ளையோடு போகும். கல்வி உரிமைச் சட்டம், 2009, அதன் 17ஆம் பிரிவில் அடியை மட்டும் தடை செய்யவில்லை, மனத்தைத் துன்புறுத்துவதையும் சேர்த்தே தடை செய்கிறது.

இருக்கை

பிள்ளைகளை அவர்கள் விருப்பப்படி உட்காரவிட்டால் மூன்றாவது நாளே ஊரின் வரைபடம் வகுப்பில் விரிந்துவிடும்: தெருவுக்கு ஒரு பெஞ்சு. இது தற்செயல் என்று நம்புவது நமக்கு வசதியானது. சந்துரு குழு பெயரின் அகர வரிசையில் உட்கார வைக்கச் சொல்கிறது. பார்வை, செவித்திறன் குறைபாடு உள்ளவர்களுக்கு விலக்கு உண்டு. நான் அகர வரிசையில் தொடங்கி, இரண்டு வாரத்துக்கு ஒருமுறை ஒவ்வொரு வரிசையையும் ஒரு பெஞ்சு பின்னுக்கு நகர்த்துகிறேன். கடைசி பெஞ்சு முதலுக்கு வரும். விதி எல்லாருக்கும் ஒன்றாக இருப்பதால், "என்னை ஏன் அவன் பக்கத்துல போட்டீங்க" என்ற கேள்விக்கு "உன் பெயர் அந்த எழுத்தில் தொடங்குவதால்" என்று மட்டும் சொன்னால் போதும். இருக்கையை மாற்றச் சொல்லி வீட்டிலிருந்து யாராவது வந்தால், காரணத்தை எழுத்தில் கேளுங்கள். பெரும்பாலும் எழுதமாட்டார்கள்.

2025இல் 'ப' வடிவ இருக்கை பற்றிப் பெரிய பேச்சு எழுந்தது. கடைசி பெஞ்சே இல்லாமல் போகும் என்பது அதன் நியாயம். பக்கவாட்டில் உட்காரும் பிள்ளை நாள் முழுதும் கழுத்தைத் திருப்பிக் கரும்பலகையைப் பார்க்க வேண்டும், நாற்பது பேர் உள்ள இருபதுக்கு இருபது அறையில் அது அமையாது என்பவை அதன் தடைகள். கலந்துரையாடல் பாடவேளையில் மட்டும் பெஞ்சுகளை அப்படி நகர்த்திக்கொள்வது போதுமானது என்பது என் கருத்து.

விலக்குத் தேவைப்படும் பிள்ளைகளைப் பற்றி ஒரு வார்த்தை. காது கேட்கும் கருவி அணிந்த பிள்ளையை முதல் பெஞ்சில் உட்கார வைத்துவிட்டால் கடமை முடிந்துவிடாது. மின்விசிறிக்கு நேர்கீழே, சாலைப் பக்கச் சன்னலோரம் உட்காரவைத்தால் கருவி இரைச்சலைத்தான் பெரிதாக்கிக் கொடுக்கும். பலகையைப் பார்த்து எழுதிக்கொண்டே பேசாதீர்கள். எழுதி முடித்துத் திரும்பி, முகம் தெரிய நின்று பேசுங்கள். பின்பெஞ்சுப் பிள்ளை கேட்ட கேள்வியை நீங்கள் ஒருமுறை திருப்பிச் சொன்னபின் பதில் சொல்லுங்கள். இதனால் நன்றாகக் காது கேட்கும் முப்பத்தொன்பது பேருக்கும் நன்மையே. பார்வை மங்கிய பிள்ளைக்கு முதல் பெஞ்சைவிடப் பலகையில் வெயில் பளபளக்காத கோணம் முக்கியம். எழுதுவதை எல்லாம் வாய்விட்டுப் படித்துக்கொண்டே எழுதுங்கள். சிவப்பு, பச்சைச் சாக்பீஸால் முக்கியமானதைக் காட்டுவதைத் தவிர்த்து, அடிக்கோடு இடுங்கள். நிறக்குருடு ஆண் பிள்ளைகளிடம் கூடுதலாகக் காணப்படுவது, பலருக்குத் தங்களுக்கு அது இருப்பதே தெரியாது.

பாடம் நடத்தும்போது

கேள்வி கேட்டவுடன் முதலில் உயரும் கைகள் எப்போதும் அதே ஐந்தாறு கைகளாகவே இருக்கும். கேள்வியைக் கேட்டுவிட்டு மனத்துக்குள் பத்து வரை எண்ணுங்கள். அந்த அமைதி முதல் வாரத்தில் நமக்கே தாங்காது. ஆனால் ஏழு, எட்டு எண்ணும்போது நீங்கள் எதிர்பாராத ஒரு கை மேலே வரும். கை உயர்த்தாதவர்களுக்காக, பெயர் எழுதிய ஐஸ் குச்சிகளை ஒரு டப்பாவில் போட்டு எடுக்கலாம். எனினும் திக்குவாய் உள்ள பிள்ளையின் குச்சி வந்தால் பக்கத்துப் பிள்ளையோடு சேர்ந்து சொல்லும் வாய்ப்பை எல்லாருக்கும் பொதுவான விதியாகவே வைத்திருங்கள். அந்தப் பிள்ளைக்கு மட்டும் சலுகை தந்தால் அது மறுபடி எழுந்து நிற்பதுதான்.

தொடக்க வகுப்புகளில் 2022 முதல் நடக்கும் எண்ணும் எழுத்தும் திட்டத்தில் பிள்ளைகளை அரும்பு, மொட்டு, மலர் என்று நிலை பிரித்துக் கற்பிக்கிறோம். ஒரே வகுப்பில் எழுத்துத் தெரியாத பிள்ளைக்கும் பத்தி வாசிக்கும் பிள்ளைக்கும் ஒரே பக்கத்தை நடத்துவதைவிட இது எவ்வளவோ மேல். ஆனால் இடைவேளையில் காது கொடுத்துக் கேளுங்கள். "போடா, நீயே இன்னும் அரும்பு" என்று ஒரு பிள்ளை இன்னொன்றைப் பார்த்துச் சொல்லும். அழகான பெயரும் ஒரு மாதத்தில் வசவாகிவிடும். குழுவைப் பாடத்துக்குப் பாடம் கலைத்துப் போடுவது ஒன்றே இதற்கு நான் கண்ட மாற்று: தமிழில் அரும்பில் இருப்பவன் கணக்கில் மலரில் இருக்கட்டும், ஓவியத்தில் எல்லாரும் கலந்திருக்கட்டும்.

அறிவுசார் குறைபாடு உள்ள பிள்ளைக்கு வகுப்பின் பாடத்திலிருந்தே ஒரு சிறு துண்டைக் கொடுங்கள். மற்றவர்கள் நீரின் சுழற்சியைப் படம் வரைந்து பாகம் குறிக்கும்போது, அந்தப் பிள்ளைக்கு 'மழை', 'மேகம்', 'கடல்' என்ற மூன்று அட்டைகளைப் படத்தின்மேல் பொருத்தும் வேலை போதும். மூலையில் உட்காரவைத்து வண்ணம் தீட்டக் கொடுத்துவிட்டு, உள்ளடக்கிய கல்வி நடப்பதாகப் பதிவேட்டில் எழுதுவதும் நம்மிடையே உண்டு.

மொழி

திருப்பூர், கோவை, சென்னைப் புறநகர்ப் பள்ளிகளில் பல வகுப்புகளில் நான்கைந்து பிள்ளைகளின் வீட்டு மொழி இந்தியோ ஒடியாவோ வங்காளமோ போஜ்புரியோதான். இவர்களுக்குத் தமிழ் கற்பிக்கையில் நாம் தடுமாறும் இடம் எது என்பதைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனெனில் அது பிள்ளையின் மந்தத்தனம் என்று தவறாகப் பதியப்படுகிறது.

ஒடியாவிலோ இந்தியிலோ எழுதப் படிக்கத் தெரிந்த பிள்ளைக்கு ஒரு எழுத்துக்கு ஒரு ஒலி. நம்முடைய 'க' அங்கே நான்கு தனி எழுத்துகள். நாம் 'கடல்' என்று எழுதிப் படிக்கச் சொல்கிறோம். பிள்ளை சரியாகப் படிக்கிறது. 'தங்கம்' என்று எழுதுகிறோம். அதே எழுத்து இப்போது வேறாக ஒலிக்கிறது. 'பகல்' என்றால் மூன்றாவதாக ஒரு ஒலி. பிள்ளை திகைத்து நிற்கும். தமிழ்ப் பிள்ளை இதைக் கேட்டுப் பழகியதால் கவனிப்பதே இல்லை. நமக்கும் இது ஒரு விதி என்பது மறந்துபோயிற்று. சொல்லின் முதலிலும் இரட்டிக்கும்போதும் வல்லோசை, மெல்லின எழுத்தை அடுத்து வந்தால் அதிரும் ஓசை, உயிருக்கு நடுவில் வந்தால் மென்மை என்பதைப் பத்துச் சொற்களை வைத்து ஒரு வாரம் காட்டினால், அதே விதி ட, த, ப ஆகியவற்றுக்கும் பெரும்பாலும் பொருந்துவதைப் பிள்ளையே கண்டுபிடித்துவிடும். நமக்குச் சாதகமானவையும் இருக்கின்றன. 'ள' ஒலி ஒடியாவில் உண்டு, ஆகவே ஒடியாப் பிள்ளைக்கு ல, ள வேறுபாடு நம் நகரத்துப் பிள்ளைகளைவிட எளிதில் பிடிபடும். வினைச்சொல் கடைசியில் வரும் வாக்கிய அமைப்பு அந்த மொழிகளுக்கும் தமிழுக்கும் ஒன்றேதான். சொல்லுக்குச் சொல் மாற்றி வைத்தாலே ஏறக்குறைய வாக்கியம் அமைந்துவிடும். கணக்கில் மொழி குறுக்கிடுவது குறைவு என்பதால், அந்தப் பிள்ளையை முதலில் பலகைக்கு அழைப்பது கணக்குப் பாடவேளையாக இருக்கட்டும். வகுப்பு அந்தப் பிள்ளையை முதன்முதலில் பார்ப்பது சரியான விடையோடு என்றால், அதன்பின் நடப்பதெல்லாம் வேறு.

திருவள்ளூர்ப் பக்கத்துச் செங்கல் சூளைகளுக்கு ஒடிசாவின் மேற்கு மாவட்டங்களிலிருந்து வரும் குடும்பங்கள் அறுவடைக்குப் பிறகு வந்து, மழைக்கு முன் திரும்புகிறவை. ஆகவே அந்தப் பிள்ளைகள் நம் கல்வியாண்டின் நடுவில்தான் சேருவார்கள். பிறப்புச் சான்றோ மாற்றுச் சான்றிதழோ இல்லை என்பதற்காகச் சேர்க்கையை மறுக்கக் கல்வி உரிமைச் சட்டம் இடம் தரவில்லை. வயதுக்கேற்ற வகுப்பில் சேர்த்துக்கொள்ள வேண்டும். திரும்பும்போது அவர்கள் டி.சி. கேட்டு அலுவலகத்துக்கு வருவார்கள் என்று காத்திருக்காதீர்கள். சூளை மேலாளரிடம் ஊர் திரும்பும் தேதியை விசாரித்து, லாரி ஏறுவதற்கு முதல் நாளே எழுதிக் கையில் கொடுத்துவிட வேண்டும். இல்லையென்றால் எமிஸில் 'இடைநிற்றல்' என்று ஒரு சிவப்புக் கோடும், அங்கே ஒரு பள்ளியில் மறுபடி முதல் வகுப்பும்தான் மிஞ்சும்.

வெளிமாநிலப் பிள்ளைகளைப் பற்றிப் பேசும்போது வீட்டில் தெலுங்கும் கன்னடமும் உருதும் சௌராஷ்டிரமும் பேசும் நம்மூர்ப் பிள்ளைகளை மறந்துவிடுகிறோம், இருளர் பிள்ளைகளையும்தான். அவர்கள் 'தப்பாக' ஒரு சொல்லைச் சொன்னால், எழுத்தில் வரும்போது எழுத்துத் தமிழைக் காட்டுங்கள், பேச்சில் வரும்போது பேசவிடுங்கள். நாமும் ஓய்வறையில் எழுத்துத் தமிழ் பேசுவதில்லை.

தட்டும் துடைப்பமும்

மதிய உணவு வரிசை இருக்கை வரிசைப்படியே போகட்டும். சத்துணவு சாப்பிடுபவர் ஒரு பக்கம், வீட்டுச் சாப்பாடு கொண்டுவருபவர் இன்னொரு பக்கம் என்று இடம் பிரியும்போது அது வசதியால் பிரிந்ததா சாதியால் பிரிந்ததா என்று பாருங்கள். ஆசிரியர் வாரம் இரண்டு நாள் சத்துணவுத் தட்டோடு அந்த வரிசையில் உட்கார்ந்தால் கோடு மங்கும். சமைப்பவர் யார் என்பதை வைத்து ஒரு பிள்ளை சாப்பிட மறுத்தால், சமைப்பவரை மாற்றுவது தீர்வு ஆகாது. அது தீண்டாமைக்கு அரசுக் கட்டடத்துக்குள் இடம் கொடுப்பது. முட்டை சாப்பிடாத பிள்ளைக்கு வாழைப்பழம் உண்டு, அதை ஒரு சொல்லும் இல்லாமல் கொடுத்துவிடலாம். டிபன் பாக்ஸில் கருவாடோ மாட்டுக்கறியோ இருந்து யாராவது மூக்கைப் பிடித்தால், "அவரவர் வீட்டுச் சாப்பாடு" என்ற ஒரே வாக்கியத்தோடு நிறுத்திவிட்டுப் பக்கத்தில் போய் உட்காருங்கள். அரை மணி நேரம் அறிவுரை சொன்னால் அந்த டப்பாவையே எல்லாரும் பார்த்துக்கொண்டிருப்பார்கள்.

துப்புரவுக்கு வருகை எண்ணின்படி சுழற்சிப் பட்டியல் ஒட்டுங்கள். பெண் பிள்ளைகள் கூட்டுவது, ஆண் பிள்ளைகள் பெஞ்சு தூக்குவது என்ற பிரிவினையும் அந்தப் பட்டியலிலேயே அழிந்துவிடும். கழிப்பறையைச் சுத்தம் செய்ய எந்தப் பிள்ளையையும் அனுப்பக் கூடாது. அனுப்பப்படுகிற பிள்ளைகள் யாருடைய பிள்ளைகளாக இருக்கிறார்கள் என்பது செய்தித்தாள் படிப்பவர்கள் எல்லாருக்கும் தெரியும்.

ரமலான் நோன்பிருக்கும் பிள்ளையை உடற்கல்வி வேளையில் ஓடவிடாமல் மதிப்பெண் குறிக்கும் வேலை கொடுப்பதும், மாலை போட்டு வெறுங்காலோடு வரும் பிள்ளையைச் செருப்பு இல்லாததற்காக வாசலில் நிறுத்தாமல் இருப்பதும் ஒரே நியாயத்தின் இரண்டு பக்கங்கள். சாதிக்கு ஒரு நிறம் என்று கட்டப்படும் கைக்கயிறு வேறு விஷயம். அதைப் பக்தியோடு குழப்பிக்கொள்ள வேண்டாம்.

நடையிலோ பேச்சிலோ பெண்மை தெரிகிற பையன் ஒருவன் ஏறக்குறைய எல்லாப் பள்ளியிலும் இருக்கிறான். 'ஒன்பது' என்று அவனைக் கூப்பிடுவதை விளையாட்டாக விட்டுவிடுகிறோம். எட்டாம் வகுப்போடு அவன் பள்ளிக்கு வராமல் போனபின் காரணம் வீட்டு வறுமை என்று எழுதுகிறோம். திருநர் பாதுகாப்புச் சட்டம், 2019, கல்வி நிலையங்களில் பாகுபாட்டைத் தடை செய்கிறது. அவன் யார் என்று முடிவு செய்வது நம் வேலை அன்று. அவனுக்குப் பயமில்லாமல் போய்வர ஒரு கழிப்பறை இருக்கிறதா என்று பார்ப்பது நம் வேலை.

தவறு நடந்துவிட்டால்

சாதிப் பெயர் சொல்லி ஒருவனை ஒருவன் திட்டிவிட்டான் அல்லது அடித்துவிட்டான் என்று வையுங்கள். இருவரையும் உடனே அழைத்துக் கைகுலுக்கச் சொல்லி முடித்துவைப்பதைத்தான் பெரும்பாலோர் செய்கிறோம். அது, அடிபட்டவன் அடித்தவனோடு சமாதானமாக வேண்டும் என்று ஆசிரியர் கட்டளையிடுவதுதான். முதலில் பாதிக்கப்பட்ட பிள்ளையைத் தனியே, கதவு திறந்த அறையில் உட்காரவைத்துக் கேளுங்கள். அவன் சொன்ன சொற்களை அப்படியே, தேதியும் நேரமும் போட்டு எழுதுங்கள். 'தகாத வார்த்தை' என்று சுருக்கினால் நாளைக்கு அது எந்த வார்த்தை என்று யாருக்கும் தெரியாது. அன்றே தலைமையாசிரியரிடம் எழுத்தில் கொடுங்கள். ஊர்ப் பெரியவர்களைப் பள்ளிக்குள் கூட்டிவந்து பேசவைக்காதீர்கள்.

இதில் ஒன்றை அழுத்திச் சொல்ல வேண்டியிருக்கிறது. நாங்குநேரியில் அந்த மாணவர் சில நாள்கள் வராமல் இருந்ததைப் பள்ளியில் கவனித்து, ஏன் என்று கேட்டு, புகாரைப் பெற்றார்கள். அதன் பிறகுதான் இரவில் வீடு புகுந்து தாக்குதல் நடந்தது. புகார் வாங்கியதும் நம் வேலை முடிந்தது என்று நினைக்கும் அந்த நேரமே பிள்ளைக்கு மிக ஆபத்தான நேரம். புகார் கொடுத்தவர் இன்னார் என்பது எதிர்த்தரப்புக்கு எப்படி, எப்போது தெரியப்போகிறது, அன்று மாலை அந்தப் பிள்ளை யாரோடு எந்த வழியில் வீடு போகும், வீட்டில் யார் இருப்பார்கள் என்று கேட்டுவிட்டுத்தான் மணி அடிக்கவிட வேண்டும். மிரட்டல் இருந்தால் காவல் துறைக்குச் சொல்வதைத் தள்ளிப்போடாதீர்கள். குழந்தைகள் உதவி எண் 1098, பள்ளிக் கல்வித் துறையின் 14417 இரண்டையும் எல்லாப் பிள்ளைகளின் நோட்டிலும் முதல் பக்கத்தில் எழுதச் சொல்லுங்கள். சுவரில் எழுதினால் அதைப் பார்த்துக் குறித்துக்கொள்பவர் யார் என்று மற்றவர்கள் பார்ப்பார்கள்.

தேர்வும் அடுத்த ஆண்டும்

மாற்றுத்திறனாளி மாணவர்களுக்குப் பொதுத்தேர்வில் கூடுதலாக ஒரு மணி நேரம், சொல்வதை எழுதுபவர், மொழிப்பாட விலக்கு போன்ற சலுகைகள் குறைபாட்டின் தன்மைக்கேற்பக் கிடைக்கின்றன. மருத்துவச் சான்றோடு தலைமையாசிரியர் வழியாக விண்ணப்பிக்க வேண்டும். பத்தாம் வகுப்பு அரையாண்டுத் தேர்வில் தோற்றபின் கற்றல் குறைபாட்டைக் கண்டுபிடித்து ஓடுவதில் பயனில்லை. எழுத்துகளை மாற்றி எழுதுவது, வாய்மொழியில் சரியாகச் சொல்லிவிட்டு எழுத்தில் வெற்றுத்தாளைக் கொடுப்பது, ஒரே வரியை மூன்று முறை தொலைப்பது ஆகியவற்றை ஆறு, ஏழாம் வகுப்பில் பார்த்தால் அப்போதே சிறப்புப் பயிற்றுநரிடம் காட்டி, நடக்கும் அடுத்த மருத்துவ முகாமில் பிள்ளையின் பெயரைச் சேருங்கள். சலுகை பெறும் பிள்ளை பள்ளித் தேர்வுகளிலேயே அதைப் பயன்படுத்திப் பழகியிருக்க வேண்டும். சொல்லி எழுதவைப்பது தனியாகக் கற்றுக்கொள்ள வேண்டிய ஒரு திறன்.

உதவித்தொகைப் படிவங்களை இப்போது நான் நோட்டுத் திருத்தும் வேளையில் கொடுக்கிறேன். எல்லாரையும் ஒவ்வொருவராக மேசைக்கு அழைத்து நோட்டைத் திருப்பித் தரும்போது, உரியவர்களின் நோட்டுக்குள் படிவம் மடித்து இருக்கும். மற்றவர்கள் நோட்டில் வேறு ஏதாவது தாள் இருக்கும். வங்கிக் கணக்கும் ஆதாரும் இணையாத பிள்ளைகளின் வீட்டுக்கு நானே போன் செய்துவிடுகிறேன்.

ஏப்ரலில் வகுப்பை ஒப்படைக்கும்போது அடுத்த ஆசிரியருக்கு ஒரு பக்கக் குறிப்பு கொடுங்கள். யாருக்குக் கண்ணாடி வேண்டும், யார் இடது காதால் கேட்பார், யாருக்கு வலிப்பு வரும், மாத்திரை எங்கே இருக்கிறது, யார் நவம்பரில் திரும்பி வருவார், யாரை யார் பக்கத்தில் உட்காரவைக்கும்போது கொஞ்சம் கவனிக்க வேண்டும் என்பவை அதில் இருக்கட்டும். சாதி, அப்பாவின் வேலை, 'சேட்டை' ஆகிய மூன்றும் அதில் வேண்டாம். அதை உறையிலிட்டு நேரில் கொடுங்கள். வகுப்புத் தலைவனிடம் கொடுத்தனுப்ப வேண்டாம்.